என் பேரை அவளுக்கு வைக்கச் சொன்னார்கள்

அன்றைக்கு அந்த அறையில் இருந்தது எட்டுப் பேர். என் அம்மா. என் தம்பி. தம்பி பெண்டாட்டி. அவர்களுடைய பெரிய பெண், ஆறு வயசு. அடுத்தவள், மூணு வயசு. குளிப்பாட்டித் துணியில் சுற்றி வைத்திருந்த மூணாவது பெண், பிறந்து இருபத்தோரு நாள். தம்பி குடியிருந்த வீட்டு ஓனரம்மா, தெலுங்குக்காரர், மாடியிலிருந்து சர்க்கரைக் கிண்ணத்தோடு இறங்கி வந்தவர். எட்டாவது நான். சுவரில் மாலை போட்ட படத்தில் என்னைப் பெற்ற நைனா இருந்தார், அவரை எண்ணவில்லை. என் வீட்டுக்காரர் பெங்களூரில் கட்டட வேலையில் இருந்தார், வரவில்லை.

இவ்வளவு கறாராக ஏன் எண்ணிச் சொல்கிறேன் என்றால், அன்று நடந்ததைப் பற்றி அந்த அறையில் இல்லாதவர்கள்தான் அதிகம் பேசினார்கள். ஆந்திர எல்லையில், நாகலாபுரம் பக்கம் எங்கள் ஊரில் வாய் திறக்காதவர் ஒருத்தர் பாக்கியில்லை. ஏதோ எல்லாரும் தொட்டிலுக்குப் பக்கத்தில் நின்றதுபோலப் பேசினார்கள்.

எங்கள் ஜனங்களில் குழந்தைக்குப் பேரைச் சொல்வது அத்தைதான், அப்பனுடைய அக்காளோ தங்கையோ. குழந்தையை மடியில் போட்டு, சர்க்கரைத் தண்ணி ஒரு சொட்டு நாக்கில் வைத்து, வெற்றிலையால் காதை மறைத்துக்கொண்டு மூணு தடவை பேரைச் சொல்ல வேண்டும். பிறகு தொட்டில். பிறகு அப்பன்காரன் தட்டில் புடவையும் ஐந்நூற்றொரு ரூபாயும் வைத்து அத்தைக்குக் கொடுப்பான். கொடுத்துவிட்டால் பேரு நின்றது. அதற்குமேல் மாற்ற யாருக்கும் உரிமையில்லை. அந்தப் பணம் கூலியில்லை, நீ சொன்னதை ஏற்றுக்கொண்டேன் என்பதற்கு அடையாளம்.

என்னைச் சொல்லச் சொன்ன பேரு என்னுடைய பேரு.

அதை இங்கே எழுத எனக்கு மனசில்லை. இது வேண்டாம் என்பதுதான் அதற்கு அர்த்தம். எங்கள் பக்கத்தில் பெண்ணாகவே பிறந்துகொண்டிருந்தால் மூணாவதுக்கோ நாலாவதுக்கோ அந்தப் பேரை வைப்பார்கள். இனி பெண் அனுப்பாதே என்று சாமிக்குச் சொல்லியனுப்புகிற சேதி அது. எனக்கு முன்னால் ரெண்டு அக்காள். நான் மூணாவது. எனக்கு அடுத்து தம்பி பிறந்தான். அதனால் என் பேரு பலித்தது என்று ஊரே ஒத்துக்கொண்டது.

குழந்தைகள் பிறந்து பிறந்து தவறிப்போன வீட்டில், அடுத்ததைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்து, குப்பை என்றே பேரு வைக்கிற வழக்கமும் எங்களுக்கு உண்டு. இது வெறும் குப்பை, இதைக் கொண்டுபோய் என்ன செய்யப்போகிறாய் என்று எமனை ஏமாற்ற. கேட்கக் கேவலமாகத்தான் இருக்கும். ஆனால் அது குழந்தையைப் பிடித்து வைத்துக்கொள்வதற்கு வைத்த பேரு. அதற்குள்ளே ஒரு ஆசை இருக்கிறது. என் பேருக்குள்ளே என்ன இருக்கிறது? நான் வாசலில் நிற்கிறேன், என் தலைக்குமேலே எட்டிப் பார்த்து, பின்னாலே பையன் வருகிறானா என்று கேட்கிற பேரு அது.

ஊர்ப் பள்ளிக்கூடத்தில் ஐந்தாவது வரைக்கும் ஒன்றும் தெரியவில்லை. எல்லாருக்கும் பழகிய பேரு. ஆறாவதுக்குப் பக்கத்து ஊருக்குப் போனேன். முதல் நாள் அட்டெண்டன்ஸில் வாத்தியார் என் பேரைப் படித்துவிட்டு நிமிர்ந்தார்.

"உங்க வீட்லயே வேணான்னுட்டாங்களா? அப்போ நாங்க மட்டும் வெச்சிக்கினு இன்னா பண்றது?"

தமாஷுக்குத்தான் சொன்னார். கிளாஸே சிரித்தது. மறுநாள் அவர் ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் என் பேருக்கு முந்தின பேரு வந்ததுமே பின் பெஞ்சில் சிரிப்பு ஆரம்பித்தது. அட்டெண்டன்ஸ் முடியட்டும் என்று புளியமரத்தடியில் நின்றுவிட்டு லேட்டாகப் போவேன், அதற்கு அடி. மூணு வாரம் தாங்கினேன். தம்பியைப் பார்த்துக்கொள்ள ஆளில்லை, அதனால் பள்ளிக்கூடத்தை விட்டு நின்றேன் என்றுதான் கேட்டவர்களுக்கெல்லாம் சொல்லி வந்திருக்கிறேன். அவனைப் பார்த்துக்கொண்டது நிஜம். நின்றது அதற்காக இல்லை.

கல்யாணமாகிச் சித்தூருக்கு வந்து மாம்பழக் கூழ் பேக்டரியில் சேர்ந்தபோதுதான் மூச்சு வந்தது. வெளிநாட்டுக்கு டின் டின்னாகக் கூழ் போக ஆரம்பித்திருந்த சமயம், சீசனில் எத்தனை பெண்கள் வந்தாலும் வேலை கொடுத்தார்கள். என் வரிசையில் முழுக்கத் தெலுங்குப் பெண்கள். என் பேரு அவர்கள் காதில் வெறும் சத்தம். அர்த்தம் கேட்டார்கள். எங்கள் ஊர் அம்மன் பேரு என்று சொன்னேன். வயசான ஒரு பெண் தோல் சீவுகிற கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டாள். எனக்குப் பயமாகப் போய்விட்டது, இதற்குச் சாமி என்ன செய்யுமோ என்று. ஆனாலும் அந்தப் பொய்யை விடவில்லை.

இதுவரைக்கும் நான் பட்டது. நான் செய்தது ஒன்று இருக்கிறது, அதைச் சொல்லாமல் தம்பியை மட்டும் திட்டினால் நியாயமில்லை.

என் பேரு பலித்த பேரு என்பதால், ஊரில் எதிர்வீட்டில் நாலாவதும் பெண்ணாகப் பிறந்தபோது என்னைக் கூட்டிக்கொண்டு போனார்கள். நீயே சொன்னால் ராசி என்றார்கள். அப்போது எனக்குக் கல்யாணம்கூட ஆகவில்லை. ஒரு நல்ல காரியத்துக்கு என்னை முதலில் கூப்பிட்டது அன்றைக்குத்தான், பெருமையாக இருந்தது. போய் அந்தக் குழந்தையின் காதில் என் பேரையே சொல்லிவிட்டு வந்தேன். ரவிக்கைத் துணியும் இருபத்தோரு ரூபாயும் கொடுத்தார்கள்.

அந்தப் பெண்ணுக்கு ஒன்பது பத்து வயசிருக்கும்போது, நான் ஊருக்குப் போய்த் திரும்புகையில் பஸ் நிற்கிற இடத்தில் வந்து நின்றாள்.

"அத்தே, நீதான எனக்குப் பேரு வெச்ச?"

"ஆமாண்டி கண்ணு."

"உனக்கு உன் பேரு புடிக்குமா?"

பஸ் வருகிறது என்று சொன்னேன். வரவில்லை. ரோடு காலியாகக் கிடந்தது. ரெண்டு பேரும் அந்தக் காலி ரோட்டைப் பார்த்துக்கொண்டு நின்றோம். அவள் போய்விட்டாள். இன்னொரு குழந்தைக்கு என் வாயால் இதைச் சொல்லமாட்டேன் என்று அன்றைக்கு நினைத்தேன். நினைத்ததுதான், யாரிடமும் சொல்லவில்லை. எனக்கு வாய் அவ்வளவுதான்.

தம்பி அப்போது திருப்பதியில் வேன் ஓட்டிக்கொண்டிருந்தான். மெட்ராஸில் கொஞ்ச காலம் லாரி கிளீனராக இருந்து, லைசென்ஸ் எடுத்து, பைனான்ஸில் வேன் வாங்கி, ஸ்டேஷனிலிருந்து யாத்திரைக்காரர்களை ஏற்றிக்கொண்டு போவான். ஆளே மாறியிருந்தான். பெரிய பெண் பிறந்தபோது தெருமுனை இண்டர்நெட் சென்டரில் போய், குழந்தைப் பேருகளும் அர்த்தங்களும் நாலு பக்கம் பிரிண்ட் எடுத்து வந்தான். பக்கத்துக்குப் பத்து ரூபாய். எல்லாம் இங்கிலீஷ். இந்தப் பக்கம் பேரு, அந்தப் பக்கம் அர்த்தம். எனக்கு ஒவ்வொன்றாகப் படித்துக் காட்டினான். வெளிச்சத்துக்கு மட்டும் எத்தனை பேரு! பூவுக்கு, மழைக்கு, காலை நேரத்துக்கு. உலகத்தில் இவ்வளவு நல்ல அர்த்தங்கள் இருக்கும்போது எங்களுக்கு எங்கிருந்து அது கிடைத்தது என்று நான் வாயைப் பிளந்துகொண்டிருந்தேன். பெரியவளுக்கு விடியற்கால வெளிச்சம் என்று வைத்தான். அடுத்தவளுக்குப் பூங்கொத்து. ரெண்டு பெண்களின் பேரையும் வேனின் பின்கண்ணாடியில் ஸ்டிக்கர் வெட்டி ஒட்டினான், கீழே ஒரு வரிக்கு இடம் விட்டு.

அந்த இடம் யாருக்கு என்று எல்லாருக்கும் தெரியும்.

மூணாவது பிறந்த மறுநாள் சித்தூரில் என் தெரு எஸ்டிடி பூத்துக்குப் போன் செய்து கூப்பிட்டனுப்பினான். போன் என்றாலே எனக்குப் பயம், யாருக்கு என்ன ஆச்சோ என்று.

"அக்கா, இதுவும் பொண்ணு."

"கொழந்தையும் அவளும் நல்லா கீறாங்களா? அத்த சொல்லு மொதல்ல."

"அதெல்லாம் நல்லாத்தான் கீறாங்க. நீ இருவத்தோராம் நாளு வந்துடு. உன் பேரையே வெச்சிடலாம்னு அம்மா சொல்லுது."

"இன்னாடா பேசற? நாலு பக்கம் பேப்பரு வாங்கியாந்தவனாடா நீ?"

"அது சர்டிபிகேட்டுக்கு. அதுல ஸ்டைலா எதனா போட்டுக்கலாம். இது சும்மா வீட்ல கூப்பிடறதுக்கு."

"கூப்பிடறதுதாண்டா பேரு!"

பூத்து மீட்டரில் எண் ஓடிக்கொண்டிருந்தது. பிறகு குரலை இறக்கிச் சொன்னான்: "நானே உன் பேரால பொறந்தவன்தானக்கா. எனக்கு நீ செய்யமாட்டியா?"

வருகிறேன் என்றேன். வீட்டுக்கு வந்ததிலிருந்து தூக்கம் போய்விட்டது. சொன்னால் பாவம். சொல்லாமல் விட்டு, நாளைக்கு வேன் எங்காவது மோதினால், அதுவும் என் தலையில். மலைப்பாதையில் ஓட்டுகிறவன். இருபது நாளும் இதே யோசனை.

இருபத்தோராம் நாள் சித்தூரில் முதல் பஸ்ஸுக்கே ஏறிவிட்டேன். குழந்தைக்கு வெள்ளிக் கொலுசு வாங்கி மடியில் முடிந்திருந்தேன், திருப்பதி வருவதற்குள் பத்து தடவை தொட்டுப் பார்த்தேன். போனதும் தம்பி பெண்டாட்டி பின்னறையில் குழந்தையைத் துடைத்துக்கொண்டிருந்தாள். வெதுருகுப்பம் பக்கத்துப் பெண், பத்தாவது படித்தவள், அதிகம் பேசமாட்டாள். எனக்கும் அவளுக்கும் சண்டையும் கிடையாது, ஒட்டும் கிடையாது. நாத்தனார் என்றால் எந்த வீட்டிலும் ஒரு அடி தள்ளித்தானே நிறுத்துவார்கள்.

கதவைச் சாத்தினாள். அரிசி டின்னுக்கு அடியிலிருந்து மடித்த பேப்பரை எடுத்தாள். அதே நாலு பக்கம்.

"ரெண்டாம் பக்கத்துல ஒரு பேருக்குக் கீழ பென்சில் கோடு போட்டிருக்கேன், அண்ணி. பெரியவ பொறந்தப்பவே போட்டது. அவர் என்னைக் கேக்கவே இல்ல. ரெண்டாவதுக்கும் கேக்கல."

"வாய் தொறந்து சொல்றதுக்கின்னா?"

"சொன்னேன். அடுத்ததுக்குப் பாக்கலாம்னாரு. இப்போ அடுத்ததுக்கு இந்தப் பேரு." அவள் குழந்தையின் காலைப் பிடித்துக்கொண்டாள். "நீங்க அந்தப் பேரோட எப்படி இருந்தீங்களோ எனக்குத் தெரியாது. நான் ஒருநாள்கூட இவளை அப்படிக் கூப்பிடமாட்டேன். ஆனா மத்தவங்க கூப்பிடுவாங்களே அண்ணி."

பேப்பரைக் கையில் வாங்கினேன். எழுத்து எனக்குப் புரியாது. அவள் படித்துக் காட்டினாள். சின்னப் பேரு, வாயில் சுலபமாக உருண்டது.

"அர்த்தம் இன்னா போட்டுக்கீது?"

அவள் முதல்முறையாகச் சிரித்தாள். "அந்த ஓரத்தை எலி துன்னுடுச்சி அண்ணி."

நான் அவளுக்கு ஒன்றும் வாக்குக் கொடுக்கவில்லை. முன்னறைக்கு வந்து உட்கார்ந்தேன். குழந்தையைக் கொண்டுவந்து என் மடியில் போட்டார்கள். அம்மா வெற்றிலையை எடுத்துக் கொடுத்தாள். தம்பி தட்டோடு நின்றான், அரக்குப் புடவை, மேலே ஐந்நூறு ரூபாய்த் தாள், அதன் மேல் ஒரு ரூபாய். அப்போது குழந்தைக்கு என்ன பேரு வைக்கிறீர்கள் என்று ஓனரம்மா சாதாரணமாகக் கேட்டார், "பாப்பக்கு ஏமி பேரு பெடுதுன்னாரு?"

தம்பி என் பேரைச் சொன்னான்.

"பாகுந்தி. அர்த்தம் ஏமிட்டி?" நன்றாக இருக்கிறது, அர்த்தம் என்ன என்கிறார்.

அவன் ஒரு நொடி நின்றான். பிறகு, சிரித்த முகத்தோடு, அது எங்கள் ஊர் அம்மன் பேரு என்று தெலுங்கில் சொன்னான்.

அங்கேதான் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என் பொய். தோல் சீவுகிற இடத்தில் அவமானம் தாங்காமல் நான் சொன்ன பொய். அதை ஒருநாள் அவனிடம் அழுதுகொண்டே சொல்லியிருந்தேன், அதையே எடுத்து வைத்துக்கொண்டு பேசுகிறான். அப்படியென்றால் அவனுக்குத் தெரிகிறது. மாடியில் இருக்கிற அந்தம்மாவிடம் அர்த்தத்தைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது என்று நன்றாகத் தெரிகிறது. வெளியாளிடம் சொல்லக் கூசுகிற ஒன்றை, மறுத்துப் பேச முடியாத இருபத்தோரு நாள் பிள்ளையின் காதில் என்னை விட்டுச் சொல்லச் சொல்கிறான். அம்மன் பேரு என்று நம்பியிருந்தால் பெரியவளுக்கு வைத்திருக்க வேண்டியதுதானே? நாற்பது ரூபாய் கொடுத்து வெளிச்சம் எதற்கு வாங்கினாய்?

இதெல்லாம் மனசில்தான். சர்க்கரைத் தண்ணியைத் தொட்டு நாக்கில் வைத்தேன். சப்புக்கொட்டினாள். வெற்றிலையால் காதை மறைத்தேன். என் வாய் அந்தக் காதுக்கு அருகில் போனது, அந்தக் காது என் கட்டைவிரல் அகலம்கூட இல்லை.

பென்சில் கோட்டுப் பேரைச் சொன்னேன்.

"இன்னாடி முணுமுணுக்கற, கேக்கற மாதிரி சொல்லு" என்றாள் அம்மா.

ரெண்டாவது தடவை கேட்கிற மாதிரி சொன்னேன். மூணாவது தடவை தெருவுக்கே கேட்டிருக்கும். என் குரல் அவ்வளவு பெரிசு என்று எனக்கே அன்றுதான் தெரியும். குழந்தை பயந்துபோய் அழ ஆரம்பித்தது.

"அக்கா!" என்றான் தம்பி. "இன்னா பேரு சொன்ன?"

"கேட்டுச்சில்ல."

"அதுக்கு இன்னா அர்த்தம்?"

"தெரியாது. அர்த்தத்தை எலி துன்னுடுச்சி."

பெரிய பெண் களுக்கென்று சிரித்தாள். அவன் அவளை ஒரு அதட்டு அதட்டினான். ஓனரம்மாவுக்குத் தமிழ் அரைகுறை, யார் யாரைத் திட்டுகிறார்கள் என்று தெரியாமல் சர்க்கரைக் கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

அம்மா தரையில் உட்கார்ந்துவிட்டாள். "குடியைக் கெடுத்துட்டியேடி. உனக்கு அந்தப் பேரு வெச்சதால நீ இன்னா கெட்டுப்போய்ட்ட? சோறு போடலியா, கல்யாணம் கட்டி வெக்கலியா? அது சாமிக்குச் சொன்ன பேருடி. உனக்குச் சொன்னதில்ல."

"சாமிக்குச் சொல்றதுன்னா கோயில்ல போயி சொல்றதுதான? என் மேல எழுதி ஏன் அனுப்பின? தெனம் தெனம் அந்தப் பேருக்குத் திரும்பிப் பாத்தது நானா, சாமியா?"

என் வாழ்க்கையில் அம்மாவிடம் நான் பேசிய பெரிய பேச்சு அதுதான். தம்பி தட்டிலிருந்த பணத்தை எடுத்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான். புடவையை அலமாரிக்குள் எறிந்தான். "இத்த ஏத்துக்கமாட்டேன். இந்தப் பேரு நிக்காது" என்றான். செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டான்.

தம்பி பெண்டாட்டி என் மடியிலிருந்து குழந்தையை எடுத்துத் தொட்டிலில் போட்டாள். ஆட்டிக்கொண்டே அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டாள். பெரியவளும் சொன்னாள். மூணு வயசுக்காரிக்கு வாய் திருந்தாது, அவளும் ஏதோ சொன்னாள். ஓனரம்மா சர்க்கரையை எல்லார் கையிலும் வைத்தார். நானும் வாங்கித் தின்றேன்.

வீட்டுக்குத் திரும்பி ஆறு மாசம் நான் பட்ட பயத்தை எழுதி முடியாது. வேன் ரிப்பேர் என்றால் என்னால். அவனுக்குக் காய்ச்சல் என்றால் என்னால். அந்தப் பேருக்குக் கெட்ட அர்த்தம் ஏதாவது இருந்தால்? பூத்துக்காரரைக் கேட்டேன், தெரியவில்லை. தம்பி பெண்டாட்டி அடுத்த வருஷமே ஆஸ்பத்திரிக்குப் போய் ஆபரேஷன் செய்துகொண்டு வந்துவிட்டாள், இது போதும் என்று. அதுவும் நான் சொல்லிக் கொடுத்தது என்று ஊரில் பேச்சு. என் தம்பிக்குப் பையன் இல்லாமல் போனதற்கு எலி தின்ற பேரும் நானும்தான் காரணம் என்று இன்றைக்கும் அம்மா சொல்கிறாள். சொல்லட்டும். மூணு பெண்கள் நிற்கிற வீட்டில் நின்றுகொண்டு, பிள்ளை இல்லை என்கிறாள்.

தம்பி என்ன செய்தான் தெரியுமா? ஒரு வருஷம் பாப்பா, பாப்பா என்றே கூப்பிட்டான். பிறகு அவனுக்குத் தெரியாமலேயே வாயில் பேரு வந்துவிட்டது. பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது பாரத்தில் அவன் கையாலேயே எழுதினான். பழைய வேனை விற்று வேறு வாங்கியபோது கண்ணாடியில் மூணு பேரு ஒட்டியிருந்தது, சின்னவள் பேரு மற்ற ரெண்டையும்விடப் பெரிய எழுத்தில். அர்த்தத்தை அவளே எங்கோ தேடிக் கண்டுபிடித்து எனக்குச் சொன்னாள். நல்ல அர்த்தம்தான். எழுதினால் பேரு தெரிந்துவிடும்.

ஆனால் தட்டு மட்டும் வரவில்லை. போன பொங்கலுக்கும் கேட்டேன்.

"பேரைத்தான் வெச்சாச்சே அக்கா, இன்னும் இன்னாத்துக்கு?"

"அப்போ குடுக்கறதுக்கு இன்னா?"

"குடுத்தா நீ செஞ்சது சரின்னு ஆயிடும்."

பக்கத்தில் சின்னவள் நின்றுகொண்டிருந்தாள், என் உயரத்துக்கு வளர்ந்துவிட்டாள். அவளுக்கு நான் போட்ட கொலுசுக்குக்கூடக் கணக்குப் பார்க்கவில்லை. அந்தப் புடவையை அவன் பெண்டாட்டி கட்டிக் கிழித்தாகிவிட்டது, அதையும் கேட்கவில்லை. முறைப்படி அத்தைக்கு வர வேண்டியது, அவன் கையால், தட்டில் வைத்து, எல்லார் முன்னாலும்: ஐந்நூற்றொரு ரூபாய்.